ஒளியின் முன் காத்திருந்தவர்

1960களின் தொடக்கத்தில் சுவீடன் நாட்டின் ஆலயம் ஒன்றில் இருவர் பல மணி நேரம் அமர்ந்திருந்தனர். ஒருவர் இயக்குநர் இங்மார் பெர்க்மன். மற்றவர் ஒளிப்பதிவாளர் ஸ்வென் நீக்விஸ்ட். சன்னல் வழியே வரும் வெளிச்சம் நேரம் செல்லச் செல்ல எவ்வாறு மாறுகிறது என்று காணவே அவர்கள் வந்திருந்தனர். அந்தக் காத்திருத்தலின் கனியே 1963இல் வெளிவந்த 'குளிர்கால ஒளி' என்னும் திரைப்படம்.

ஒரு ஞாயிறு நண்பகல் முதல் பிற்பகல் மூன்று மணி வரை நிகழும் கதை அது. விசுவாசம் வற்றிப்போன லூத்தரன் போதகர் ஒருவர் திருவிருந்து வழிபாடு நடத்துகிறார். அணுகுண்டு அச்சத்தால் நிலைகுலைந்த மீனவர் ஒருவர் அவரிடம் ஆறுதல் தேடி வருகிறார். போதகரோ தம் ஐயங்களையே அவர்முன் கொட்டிவிடுகிறார். மீனவர் தம் உயிரை மாய்த்துக்கொள்கிறார்.

மேகம் மூடிய நாளில் நிழல் விழுவதில்லை. ஆகவே அரங்கில் அமைக்கப்பட்ட ஆலயத்திலும் நிழல் விழலாகாது என்று முடிவாயிற்று. நீக்விஸ்ட் விளக்கொளியை முகங்களின்மீது நேரே பாய்ச்சாமல், வேறொரு பரப்பில் பட்டுத் திரும்பி வருமாறு செய்தார். பக்திப் படங்களில் புனிதரின் தலைக்குப் பின்னே ஒளிவட்டம் கண்டு பழகிய நமக்கு இந்தச் சாம்பல் வெளிச்சம் வறட்சியாகத் தோன்றலாம். ஆனால், இல்லாத ஆறுதலை இருப்பதாகக் காட்ட மறுக்கும் நேர்மை அதில் உண்டு. அந்நேர்மையே அவர் கலையின் உயிர் என்போம்.

1922இல் மொஹேடா என்னும் ஊரில் பிறந்தவர் நீக்விஸ்ட். பெற்றோர் காங்கோவில் மறைபோதகர்களாகப் பணியாற்றியமையால், உறவினரிடம் வளர்ந்தார். தொலைவிலிருக்கும் முகத்துக்காக ஏங்கிய அந்தச் சிறுவனே பின்னாளில் மனித முகத்தைக் காண்பதையே தம் பணியாக்கினாரோ என்று எண்ணத் தோன்றுகிறது.

தொலைக்காட்சிப் பணியைத் தாழ்வாக எண்ணுவோர் 1973இல் ஆறு பகுதிகளாக வந்த 'ஒரு திருமணத்தின் காட்சிகள்' தொடரைப் பார்த்தல் நலம். 16 மில்லிமீட்டர் படச்சுருளில், சிறிய திரைக்கெனவே பதிவானது அது. கணவன், மனைவி ஆகிய இருவரின் முகங்களே அதன் களம். சொல் மறைப்பதை இமையின் அசைவு வெளிப்படுத்திவிடுகிறது. 'அழுகைகளும் முணுமுணுப்புகளும்', 'பேனியும் அலெக்சாண்டரும்' ஆகிய படங்கள் அவருக்கு ஆஸ்கர் விருதுகளைப் பெற்றுத் தந்தன. பின்னதும் தொலைக்காட்சித் தொடராகவும் திரைப்படமாகவும் உருப்பெற்றதே.

குறையையும் கூறுவோம். அமெரிக்காவில் அவர் ஒளிப்பதிவு செய்த படங்கள் யாவும் இத்தரத்தன அல்ல. 1993இல் வந்த 'சியாட்டிலில் உறக்கமின்றி' என்னும் படத்தில் தொழில்திறன் குறையவில்லை. வெளிச்சம் இனிமையாகவே இருக்கிறது. எனினும் அது நம்மிடம் எதையும் வினவுவதில்லை. வினவும் கதை கிட்டியபோதே அவரது ஒளியும் வினவியது.

1997இல் தாம் எழுதிய நூலுக்கு 'ஒளிக்கு வணக்கம்' என்னும் பொருளில் அவர் தலைப்பிட்டார். அடுத்த ஆண்டிலேயே பேச்சைப் பறிக்கும் நோய் அவரைப் பற்றியது, பணி நின்றது. 2006இல் மறைந்தார்.

'குளிர்கால ஒளி'யின் முடிவுக்கு மீண்டும் வருவோம். ஏறக்குறைய வெறுமையான மற்றோர் ஆலயத்தில், போதகர் மக்களை நோக்கித் திரும்பி இறைவனைத் தூயவர் எனப் புகழத் தொடங்குகிறார். அவர் நம்புகிறாரா, வழக்கத்தால் உரைக்கிறாரா? அவர் முகத்தின்மீது விழும் ஒளி தீர்ப்புச் சொல்வதில்லை. பிறர் விசுவாசத்தை எளிதில் அளந்துவிடும் நாம், அம்முகத்தின்முன் சற்று நேரம் அமைதியாக இருக்கக் கற்றுக்கொண்டால் நலம்.