பூச்சியத்தைத் தேடி: அசைவுணரிகளின் அளவுத்திருத்தம்

ஓர் அசைவுக் கன்ட்ரோலரின் தரத்தை அறிய அதை வீசிப் பார்க்க வேண்டியதில்லை. மேசையில் வைத்து, கையை எடுத்துவிட்டு, திரையைக் கவனித்தால் போதும். யாரும் தொடாத கருவியின் குறி மெல்ல இடப்பக்கம் ஊர்கிறது என்றால், அதைச் செய்தவர்கள் எங்கோ ஒரு பொறுப்பைத் தட்டிக்கழித்திருக்கிறார்கள். 2006இல் நின்டெண்டோவின் வீ ரிமோட்டும் சோனியின் சிக்ஸாக்ஸிஸும் வந்தது முதல் இத்துறையின் மதிப்புரைகள் வாள்வீச்சையும் பந்தடியையும் அலசி ஓய்ந்துவிட்டன. கருவி சும்மா கிடக்கும்போது என்ன சொல்கிறது என்று கேட்டவை சொற்பம். அளவுத்திருத்த முறைகளை எடைபோட அந்தக் கேள்வியிலிருந்துதான் தொடங்க வேண்டும்.

சிக்கலின் கணக்கு எளியது. உள்ளே சுழற்சியை உணரும் கைரோ கோணத்தைச் சொல்வதில்லை, கோணம் மாறும் வேகத்தைச் சொல்கிறது. அந்த வேகத்தைக் கணந்தோறும் கூட்டிக்கொண்டே போனால்தான் கோணம் கிடைக்கும். கூட்டக் கூட்டப் பிழையும் சேரும். அசையாத கைரோ நொடிக்கு அரை டிகிரி என்று தவறாகச் சொன்னால், ஒரு நிமிடத்தில் குறி 30 டிகிரி விலகிவிடும். முடுக்கத்தை உணரும் முடுக்கமானிக்குப் புவியீர்ப்பு என்ற துணை உண்டு: கருவி முன்பின்னாகவும் பக்கவாட்டிலும் எவ்வளவு சாய்ந்திருக்கிறது என்பதை அதை வைத்துச் சரிபார்க்கலாம். ஆனால் செங்குத்து அச்சைச் சுற்றி இடம் வலமாகத் திரும்பும்போது கீழ்த்திசை மாறுவதில்லை. அந்தத் திரும்பலைச் சரிபார்க்கப் புவியீர்ப்பு உதவாது. போதாக்குறைக்கு, அசையாதபோதும் கைரோ காட்டும் இந்தப் பூச்சியப் பிழை நிலையான எண்ணும் அல்ல. கைச்சூட்டிலும், உள்ளே பேட்டரியும் சிப்பும் சூடேறுவதிலும் அது நகரும்.

ஆக, அளவுத்திருத்தம் என்ற பெயரில் மூன்று வேறு வேலைகள் நடக்கின்றன. சும்மா இருக்கும்போது வரும் பிழையைக் கண்டு கழிப்பது ஒன்று. 90 டிகிரி திருப்பினால் 90 என்றே வருமாறு விகிதத்தைச் சரிசெய்வது இன்னொன்று. திரையின் நடு எங்கே என்று கருவிக்குச் சொல்வது மூன்றாவது. இம்மூன்றையும் பிரித்தறிந்து, ஒன்றின் குறையை மற்றொன்றின் தலையில் கட்டாமல், ஆட்டக்காரரின் நேரத்தை வீணாக்காமல் முடிக்கிறதா என்பதே இங்கே கொள்ளும் அளவுகோல்.

முதல் வீ ரிமோட்டில் கைரோவே இல்லை. முடுக்கமானியும் முன்முனையில் அகச்சிவப்புக் கேமராவும்தான். 2009இல் மோஷன்பிளஸ் இணைப்பும் அதற்கென்றே செய்த ‘வீ ஸ்போர்ட்ஸ் ரிசார்ட்’ விளையாட்டும் வந்தபோதுதான் இந்த விவகாரம் வரவேற்பறைக்கு வந்தது. ரிமோட்டைப் பொத்தான் பக்கம் கீழே இருக்கும்படி மேசையில் கவிழ்த்து வை என்றது விளையாட்டு. சின்ன அறிவுரைதான்; யோசித்துச் சொன்னது. கவிழ்த்து வைத்த கருவியைக் கை தானாகவே விட்டுவிடும். அசையாமை உறுதியாகிறது, பிழை அளக்கப்படுகிறது. இந்த அளவில் குறை சொல்ல இடமில்லை.

குறை 2011இல் ‘ஸ்கைவர்ட் ஸ்வோர்டில்’ வெளிப்பட்டது. திரையைச் சுட்டும் வேலையையும் அந்த விளையாட்டு கைரோவிடமே ஒப்படைத்தது. திசையை ஐயமின்றிச் சொல்லக்கூடிய அகச்சிவப்புக் கேமரா அதே ரிமோட்டில் இருந்தும் அதை நம்பவில்லை. இதற்கு நியாயம் உண்டு: கேமராவை நம்பினால் ஆட்டக்காரர் எப்போதும் தொலைக்காட்சிக்கு நேராகவே நிற்க வேண்டும்; வாள் வீசும் ஆட்டத்தில் அது முடியாது. ஆனால் கொடுத்த விலை பெரிது. நீண்ட ஆட்டத்தில் குறி விலகும், நடுவைத் திரும்பத் திரும்ப நிறுத்த வேண்டியிருக்கும். வாளுக்குக் கைரோ, குறிக்குக் கேமரா என்று வேலையைப் பிரித்திருந்தால் இந்தச் சலிப்பில் பாதி இருந்திருக்காது. 2021இல் நின்டெண்டோவின் சுவிட்ச் கன்சோலுக்கு வந்த மறுபதிப்பில் அந்தக் கேமராவுக்கே வழியில்லாமல் போய், நடு நிறுத்த ஒய் பொத்தான் வந்தது. தேர்ந்து செய்த பிழை, பின்னர் வேறு வழியில்லாத நிலையாகிவிட்டது.

2010இல் வந்த சோனியின் பிளேஸ்டேஷன் மூவ் எதிர்த்திசையில் போனது. மூன்றச்சுக் கைரோ, முடுக்கமானி, காந்தமானி, இவற்றோடு முனையில் ஒளிரும் உருண்டையும் அதைப் பார்க்கும் கேமராவும். உருண்டையின் அளவு முன்பே தெரியும் என்பதால், படத்தில் அது எவ்வளவு பெரிதாகத் தெரிகிறது என்பதிலிருந்து தூரத்தைக் கணிக்கலாம். புவியீர்ப்பால் சரிபார்க்க முடியாத இடம் வலத் திசைக்கு இங்கே காந்தமானி சாட்சி, கருவி இருக்கும் இடத்துக்குக் கேமரா சாட்சி. துல்லியத்தில் இத்தலைமுறையில் இதற்கு இணையில்லை. ஆனால் முறையில் ஒழுங்கில்லை. ‘ஸ்போர்ட்ஸ் சாம்பியன்ஸ்’ விளையாட்டில் ஆட்டம் தொடங்குமுன் கன்ட்ரோலரைத் தோளருகே, பக்கவாட்டில், இடுப்பருகே என்று பிடித்துப் பிடித்து அழுத்த வேண்டும். இது உணரியின் பிழையை அளப்பதல்ல, ஆட்டக்காரரின் உடலை அளப்பது. இரண்டையும் ஒரே சடங்காக்கியதில், சடங்கு எதற்கு என்பதே ஆட்டக்காரருக்குப் புரியாமல் போயிற்று. கருவி வென்றது, நடைமுறை தோற்றது.

2017இல் வந்த நின்டெண்டோ சுவிட்சின் முறை சற்று நின்று பார்க்கத் தக்கது; இந்த வரிசையில் மிக நுட்பமான யோசனையும் மிக அசட்டையான யோசனையும் அதிலேயே இருக்கின்றன. சுவிட்சின் கன்ட்ரோலரான ஜாய்கானைக் கழற்றி மட்டமான பரப்பில் வைத்து, அதன் கூட்டல் அல்லது கழித்தல் பொத்தானை அழுத்தச் சொல்கிறது அமைப்புத் திரை. கண்டறிந்த பிழை ஜாய்கானுக்குள் இருக்கும் நினைவகத்திலேயே பதிகிறது, கன்சோலில் அல்ல. நண்பர் வீட்டுக் கன்சோலோடு இணைத்தாலும் திருத்தம் கூடவே போகும். தொழிற்சாலையில் பதித்த எண்கள் வேறோர் இடத்தில் அழியாமல் இருக்கின்றன. இது முதிர்ந்த பொறியியல்.

இதைவிட நுட்பமானது ஒன்று, அந்த நினைவகத்தை ஆராய்ந்து வெளியார் எழுதிவைத்த குறிப்புகளால் தெரியவந்தது. ஜாய்கானின் பின்புறம் விசைப்பொத்தான் சற்றுப் புடைத்திருக்கிறது. மேசையில் வைத்தால் அது மட்டமாகப் படுக்காது, ஒரு முனை தூக்கி நிற்கும். அந்தச் சாய்வும் ஓர் எண்ணாகப் பதிந்திருக்கிறது: ஜாய்கானுக்கு ஏறத்தாழ 5 டிகிரி, புரோ கன்ட்ரோலருக்கு ஏறத்தாழ 10. கருவி மேசையில் உண்மையில் எப்படிக் கிடக்கும் என்பதை யாரோ வைத்துப் பார்த்து, அதற்கென்று கணக்கில் இடம் ஒதுக்கியிருக்கிறார்கள்.

இவ்வளவு செய்தவர்கள் அடுத்த அடியில் சறுக்கியிருக்கிறார்கள். கைரோவுக்குத் தேவை அசையாமை மட்டுமே. மேசை எப்படிச் சாய்ந்திருந்தாலும் கவலையில்லை. மட்டமான பரப்பு தேவைப்படுவது முடுக்கமானிக்கு. இரண்டு தேவைகளையும் ஒரே வாக்கியத்தில் சொல்லி, ஒரே நிலையில் அளந்து முடிக்கிறது இந்த முறை. மேசை 2 டிகிரி சாய்ந்திருந்தால் கைரோவுக்குச் சரியான பூச்சியம் கிடைக்கும். முடுக்கமானியோ அந்த 2 டிகிரியையும் மட்டம் என்று பதிந்துகொள்ளும். ஒரே நிலையில் எத்தனை முறை அளந்தாலும் இது தெரியவராது. ரசமட்டத்தை நம்பாத கொத்தனார் அதை முனை மாற்றித் திருப்பி வைத்துப் பார்ப்பார். இங்கும் ஒருமுறை அளந்து, கன்ட்ரோலரை 180 டிகிரி திருப்பி மறுபடி அளந்து சராசரி எடுத்தால் மேசையின் சாய்வு தானாகக் கழிந்துவிடும். கூடுதலாக ஆவது பத்து நொடி. அசையக் கூடாத கருவியின் மேலேயே பொத்தானை வைத்து அதை அழுத்தச் சொல்வதும் சறுக்கலே. வீ ரிமோட்டைக் கவிழ்க்கச் சொன்ன அதே நிறுவனம்தான் இது. எல்லாவற்றுக்கும் மேலாக, முடிவில் திரை முடிந்தது என்கிறதே ஒழிய, முன்பு பிழை எவ்வளவு, இப்போது எவ்வளவு என்று ஓர் எண்ணைக்கூடக் காட்டுவதில்லை. எண் இல்லாத அளவீட்டை ஆட்டக்காரர் எதை வைத்து ஏற்பார்? (ஸ்டிக் தேய்ந்து நகர்கிற நோய்க்கு இந்தத் திரையில் மருந்து தேடுவோரும் உண்டு, அது வேறு உறுப்பின் கோளாறு.)

2013இல் வந்த சோனியின் டூயல்ஷாக் 4 கன்ட்ரோலர் பயனருக்கு எந்தத் திரையும் தரவில்லை. ஒவ்வோர் அச்சுக்கும் பூச்சியப் பிழையையும், இருதிசைச் சுழற்சிக்கான விகிதத்தையும் தொழிற்சாலையிலேயே அளந்து உள்ளே பதித்து அனுப்புகிறார்கள். விகிதத்தை அளக்க, தெரிந்த வேகத்தில் சுழற்றும் பொறி வேண்டும். வீட்டு மேசையில் அது நடக்காது. அவ்வகையில் இது சுவிட்சின் மேசை முறையால் எட்ட முடியாத இடம். ஆனால் வெப்பத்தில் நகரும் பிழைக்குப் பழைய எண் ஈடுகொடுக்காது. சில நகல் கன்ட்ரோலர்கள் அந்த இடத்தில் வெறும் பூச்சியங்களை வைத்திருந்ததால், பூச்சியத்தால் வகுக்க நேரும் அபாயத்தைத் தவிர்க்க லினக்ஸ் டிரைவரில் தனிச் சோதனையே சேர்க்க வேண்டிவந்தது.

எஞ்சியிருப்பது தானியங்கு முறை: கருவி அசையாமல் இருக்கும் தருணங்களை மென்பொருளே கண்டுகொண்டு, பிழையை ஓசையின்றிப் புதுப்பிப்பது. கணினி விளையாட்டுத் தளமான ஸ்டீமிலும், கைரோ கட்டுப்பாட்டுக்காக நெடுநாள் வாதாடிவரும் ஜிப் ஸ்மார்ட் வெளியிட்ட திறந்த நிரல்களிலும் இதைப் பார்க்கலாம். வெப்பத்தோடு நகரும் பிழையை வெப்பத்தோடே துரத்தக்கூடியது இது. ஆனால் அசையாமை என்பதை எப்படி வரையறுப்பது? தொலைவில் சீராக நகரும் இலக்கை நொடிக்கு அரை டிகிரி வேகத்தில் தொடரும் கையும், அரை டிகிரி பிழையோடு மேசையில் கிடக்கும் கருவியும் கைரோவின் சராசரிக்கு ஒன்றே. ஏமாந்த மென்பொருள் ஆட்டக்காரரின் குறிபார்த்தலையே பிழையென்று கழித்துவிடும். கை நின்றதும் குறி எதிர்ப்பக்கம் ஓடத் தொடங்கும். வேறுபாடு சராசரியில் இல்லை, நடுக்கத்தில் இருக்கிறது. எந்த மனிதக் கையும் மேசையளவு அமைதியாக இராது. அசையாமை என்று ஏற்கும் நடுக்கத்தின் வரம்பை இறுக்கினால் இந்த ஏமாற்றம் குறையும். ஆனால் கன்ட்ரோலரைக் கீழே வைக்காமலே ஆடுபவருக்குத் திருத்தமே கிடைக்காது. தளர்த்தினால் நிலைமை தலைகீழ். இந்த இழுபறிக்கு எந்த வரம்பும் முழுத் தீர்வல்ல. ஆனால் குறை எங்கே இருக்கிறது என்பதை மறைக்காத முறை இது.

நடு நிறுத்தும் பொத்தானையும் இதே தராசில் வைக்க வேண்டும். 2015இன் ‘ஸ்பிளாட்டூன்’ விளையாட்டில் ஒய் பொத்தான் பார்வையை நேராக்கும். கைரோ இயங்கும்போது வலது ஸ்டிக் இடம் வலம் மட்டுமே திரும்பும். ஆட்டத்தின் ஓட்டத்தில் ஆட்டக்காரர் நொடிக்கொரு தரம் திரும்பிக்கொண்டே இருப்பதால், கைரோவின் சிறு விலகல் கண்ணில் படுவதற்குள் கரைந்துவிடுகிறது. விளையாட்டு வடிவமைப்பாக இது அருமை. பிழையை அகற்றுவதாக அது எங்கும் சொல்லிக்கொள்ளவும் இல்லை. அதை நகல் எடுத்தவர்கள், நடுப் பொத்தான் இருக்கிறதே என்று பூச்சியப் பிழையை அப்படியே விட்டுவிட்டதுதான் தவறு.

தீர்ப்பு இப்படி வருகிறது. துல்லியத்தில் மூவ் முதலிடம், நடைமுறையில் கடைசி. விகிதத்தை உள்ளதுபோல் அளந்தது டூயல்ஷாக் 4. கருவியைப் புரிந்துகொண்டதில் சுவிட்ச் மற்ற எல்லாவற்றையும் விஞ்சுகிறது, ஆட்டக்காரருக்கு உண்மையைச் சொல்வதில் பின்தங்குகிறது. முறையளவில் முதல் தகுதி, தொழிற்சாலை விகிதத்தின்மேல் அமர்ந்து இயங்கும் தானியங்குத் திருத்தத்துக்கே. ஆனால் அது தன் வரம்பைத் தானே தீர்மானிக்காமல், கன்ட்ரோலரைக் கீழே வைக்கும் பழக்கமுள்ளவருக்கும் வைக்காதவருக்கும் வெவ்வேறாக அமைத்துக்கொள்ள இடம் தர வேண்டும். அமைப்புத் திரையில் பூச்சியப் பிழையை நொடிக்கு இத்தனை டிகிரி என்று எண்ணாகவும் காட்ட வேண்டும். அந்த ஓர் எண் இருந்தால், மேசையில் வைத்துப் பார்க்கும் சோதனையை ஒவ்வொருவரும் தாமே செய்துகொள்ளலாம். மதிப்புரை எழுதுபவரை நம்பியிருக்க வேண்டியதில்லை.