சுண்டெலி பிழைத்தால் போதுமா?

இந்தியாவில் தயாராகும் பாம்புக்கடி விஷமுறிவு மருந்தின் வீரியம் சுண்டெலியின் உயிரை வைத்தே அளக்கப்படுகிறது. மாமல்லபுரத்துக்கு வடக்கே வடநெம்மேலியில் இயங்கும் இருளர் பாம்பு பிடிப்போர் கூட்டுறவுச் சங்கம் 1978இல் தொடங்கப்பட்டது. நல்ல பாம்பு, கட்டுவிரியன், கண்ணாடிவிரியன், சுருட்டைவிரியன் ஆகிய நான்கின் விஷத்தையும் அது எடுத்து, உறையவைத்து உலர்த்திய தூளாக மருந்து நிறுவனங்களுக்குத் தருகிறது. அந்த விஷத்தைக் குதிரைக்குச் சிறுகச் சிறுக ஏற்றி, அதன் இரத்தத்தில் உருவாகும் எதிர்ப்புரதங்களைப் பிரித்தெடுத்தால் மருந்து கிடைக்கிறது. சங்கத்தைச் சேர்ந்த வடிவேல் கோபால், மாசி சடையன் இருவருக்கும் 2023இல் பத்மஸ்ரீ வழங்கப்பட்டது. அவர்களுக்கு அது உரிய மரியாதை. ஆனால் அதையொட்டி எழுந்த பெருமிதத்தோடு ஒரு நம்பிக்கையும் வேரூன்றியது: சோதனையில் தேறிய மருந்து கடிபட்டவரை முழுதாக மீட்டுவிடும் என்பது. கண்ணாடிவிரியன் கடியைப் பொறுத்தவரை இந்த நம்பிக்கை தவறு. தவறின் வேர் சோதனையிலேயே இருக்கிறது.

சோதனைக்குரிய நற்பெயரை மறுக்க வேண்டியதில்லை. எங்கு செய்தாலும் ஒரே முறை, ஒப்பிடத்தக்க எண்; வீரியமற்ற மருந்து சந்தைக்கு வராமல் அது தடுக்கிறது. ஒரு மில்லிலிட்டர் மருந்து 0.6 மில்லிகிராம் கண்ணாடிவிரியன் விஷத்தை முறிக்க வேண்டும் என்ற இந்திய அளவுகோல் இதிலிருந்து வந்ததுதான். ஒரு கடியில் சராசரியாக 63 மில்லிகிராம் விஷம் ஏறலாம் என்ற கணக்கோடு அதைச் சேர்த்தே, தொடக்கத்தில் 8 முதல் 10 குப்பி மருந்து என்ற சிகிச்சை நெறி அமைந்தது. அதாவது, மருத்துவமனையில் ஏற்றப்படும் மருந்தின் அளவே எலிக்கூண்டில் தீர்மானமாகிறது. அதனால்தான் அந்தக் கூண்டில் என்ன நடக்கிறது என்பதைக் கூர்ந்து பார்க்க வேண்டியிருக்கிறது.

ஏறக்குறைய 20 கிராம் எடையுள்ள சுண்டெலிகளைக் குழுக்களாகப் பிரிக்கிறார்கள். கொல்லும் அளவைப் போலப் பல மடங்கு விஷத்தை மருந்தோடு கலந்து, 37 டிகிரி வெப்பத்தில் அரை மணி நேரம் வைக்கிறார்கள். பிறகு அந்தக் கலவையை எலியின் வால் நாளத்தில் ஏற்றுகிறார்கள். மறுநாளோ அதற்கடுத்த நாளோ, செத்தவை எத்தனை, பிழைத்தவை எத்தனை என்று எண்ணுகிறார்கள். பாதி எலிகளைக் காக்கும் அளவே மருந்தின் வீரியம்.

வயலில் கடிபடும் எவருக்கும் விஷமும் மருந்தும் கலந்து ஏறுவதில்லை. விஷம் காலின் தசையில் இறங்கி, அங்கிருந்து மணிக்கணக்கில் கசிந்து இரத்தத்தில் சேருகிறது. மருந்து அதற்குப் பிறகே வருகிறது, பல நேரம் வெகு நேரம் கழித்து. குடுவைக்குள் விஷத்தை முன்கூட்டியே பற்றிக்கொண்ட எதிர்ப்புரதம், அதே விஷத்தை உடலுக்குள் துரத்திப் பிடிக்குமா என்ற கேள்வியை இந்தச் சோதனை கேட்பதே இல்லை.

சிறுநீரகம் பழுதாவது இந்த இடைவெளியில்தான். கண்ணாடிவிரியனின் விஷம் இரத்த உறைவுக் காரணிகளான ஐந்தையும் பத்தையும் தூண்டி, ஃபைப்ரினோஜனை வீணாகச் செலவழித்துவிடுகிறது. சிறுநீரகத்தின் வடிகட்டி நுண்குழாய்களில் உறைகட்டிகள் படிகின்றன. இரத்த அழுத்தம் விழுகிறது. பாஸ்போலைபேஸ் ஏ2 நொதிகள் நுண்குழல்களின் செல்களைத் தாக்குகின்றன. சிதைந்த தசையின் மயோகுளோபின் அந்த நுண்குழல்களை அடைக்கிறது. வார்டில் காய்ந்த கண்ணாடிக் குழாயில் இரத்தம் எடுத்து, 20 நிமிடம் அசையாமல் வைத்துச் சாய்த்துப் பார்ப்பார்கள். மருந்து ஏறியபின் இரத்தம் உறைந்துவிடும். எல்லோரும் நிம்மதி அடைவார்கள். அடுத்த நாள் சிறுநீர் குறைந்து, சிறுநீரகம் வெளியேற்ற வேண்டிய கழிவான கிரியேட்டினின் இரத்தத்தில் ஏறத் தொடங்கும். டயாலிசிஸ் அதன்பிறகுதான். சிலருக்குப் பழுது நிலைத்துவிடுகிறது. வால் நாளத்தில் விஷம் ஏறிய எலியோ, சாவதாக இருந்தால் பெரும்பாலும் முதல் சில மணி நேரத்திலேயே செத்துவிடும். பிழைத்த எலியின் சிறுநீரகத்தை அறுத்துப் பார்க்கும்படி வீரியச் சோதனை கோருவதில்லை. சிறுநீரகம் செத்து உயிர் பிழைத்த எலியும் கணக்கில் வெற்றிதான்.

மருந்தே பின்னால் தரும் தொல்லையும் இதே காரணத்தால் கண்ணில் படுவதில்லை. குதிரைப் புரதம் மனித உடலுக்கு அந்நியம். ஏற்றி ஒன்றிரண்டு வாரத்தில் நம் எதிர்ப்புரதங்கள் அதனோடு சேர்ந்து மூட்டு, தோல், சில வேளை சிறுநீரகத்திலும் படியலாம். பிர்க்கே, ஷிக் என்ற மருத்துவர்கள் இந்தச் சீர நோயை 1905இலேயே விரிவாக எழுதிவிட்டார்கள். இரண்டே நாள் பார்க்கப்படும் எலியில் இது தெரிய வழியில்லை.

இன்னொரு வட்டமும் இருக்கிறது. குதிரைக்கு ஏற்றும் விஷமும் எலிச் சோதனைக்கான விஷமும் பெரும்பாலும் இதே வட தமிழகப் பாம்புகளுடையவை. வேறு வட்டாரத்துப் பாம்பின் விஷம் வேறு கலவை என்பதைப் பெங்களூர் இந்திய அறிவியல் கழகத்தின் கார்த்திக் சுனகர் குழுவினர் காட்டியிருக்கிறார்கள். இலங்கையின் கண்ணாடிவிரியன் நரம்பையும் சிறுநீரகத்தையும் சேர்த்துத் தாக்குகிறது; அங்கும் இந்திய மருந்தையே நம்பியிருக்கிறார்கள்.

சிறுநீரகப் பழுதுக்கு மருந்தைவிடத் தாமதமே காரணம் என்று சோதனையின் ஆதரவாளர்கள் சொல்வார்கள். அதில் உண்மை உண்டு. மருந்து வருமுன்பே கெட்டுப்போன சிறுநீரகத்தை எந்த எதிர்ப்புரதமும் மீட்காது. ஆனால் எத்தனை மணி நேரத் தாமதம்வரை இந்த மருந்து சிறுநீரகத்தைக் காக்கும் என்பதற்குத் தேர்ச்சிச் சான்றிதழில் பதில் இல்லை. பதில் இல்லாதவரை தாமதத்தின் மேல் பழி போடுவது மருந்தைக் கேள்விக்கு அப்பால் வைக்கும் வேலை. உலக சுகாதார நிறுவனம் 2030க்குள் பாம்புக்கடிச் சாவோடு ஊனத்தையும் பாதியாக்க வேண்டும் என்கிறது. வாரம் மூன்று முறை டயாலிசிஸ் நாற்காலியில் உட்காரும் விவசாயத் தொழிலாளி அந்த ஊனக் கணக்கில் வருபவர். எலிக்கணக்கில் அவர் பிழைத்தவர்.

மாற்று எளிதல்ல. சுண்டெலியின் நுண்குழல்கள் கிரியேட்டினினைக் கணிசமாக வெளியேற்றுவதால், அதன் இரத்தத்தில் அந்த அளவு சிறுநீரகப் பழுதைத் தாமதமாகவே காட்டும். திசுவை நுண்ணோக்கியில் பார்த்தாக வேண்டும். தயாராகும் ஒவ்வொரு மருந்துத் தொகுதிக்கும் இதைச் செய்யத் தேவையில்லை. முதலில் விஷத்தைத் தசையில் செலுத்தி, பல இடைவெளிகளில் மருந்தை ஏற்றி, மூன்றாம் நாள் சிறுநீரகத்தை ஆராயும் சோதனையை ஒவ்வொரு நிறுவனத்தின் மருந்துக்கும், ஒவ்வொரு வட்டார விஷத்துக்கும் ஒருமுறை கட்டாயமாக்கலாம். வழக்கமான தொகுதிச் சோதனையில் ஒரு பகுதியை உறைவுத்திறன் அளவீடு போன்ற ஆய்வுக்குழாய் முறைகளுக்கு மாற்றினால், மொத்தத்தில் சாகும் எலிகளும் குறையும். தமிழ்நாடு 2024 நவம்பரில் பாம்புக்கடியை அறிவிக்கை செய்யவேண்டிய நோயாக்கியது. அந்தப் பதிவில் சாவோடு கிரியேட்டினினும் டயாலிசிஸும் இடம்பெற்றால், எலியில் காணும் முடிவை மனிதரோடு ஒப்பிட முதல் முறையாக ஓர் அடிப்படை கிடைக்கும்.