பிறப்பு தந்ததும் தாமே பெற்றதும்

கார்ட்டூனுக்குத் திறனாய்வா! சோறுண்ண அடம்பிடிக்கும் குழந்தையின் முன் வைக்கப்படும் பொழுதுபோக்கிற்கு இத்துணை மதிப்போ என்று முகஞ்சுளிப்போர் உண்டு. பாட்டி சொன்ன பேய்க்கதையைக் கேட்டு வளர்ந்தவன், பட்டம் பல பெற்ற பின்னும், இருட்டிய பொழுதில் புளியமரத்தைக் கடக்கையில் நடையை விரைவுபடுத்துகிறானே, அவனை எண்ணிப் பார்க்கட்டும் அவர்கள். இளம் நெஞ்சில் எத்தகைய மாந்தர் குடியேறுகின்றனர் என்று கேட்பது வீண்வேலை அன்று.

நாம் எடுத்துக்கொண்டது, அமெரிக்காவின் நிக்கலோடியன் தொலைக்காட்சி 2005 பிப்ரவரி முதல் 2008 ஜூலை வரை ஒளிபரப்பிய 'அவதார்: தி லாஸ்ட் ஏர்பெண்டர்' என்னும் தொடர். மைக்கேல் டான்டே டிமார்ட்டினோ, பிரையன் கோனிட்ஸ்கோ என்னும் இருவர் உருவாக்கியது. மூன்று பருவங்கள், 61 பகுதிகள். நீர், நிலம், நெருப்பு, காற்று என நான்கு நாடுகள். ஒவ்வொன்றிலும் சிலர் தம் நாட்டிற்குரிய பூதத்தை ஏவி ஆளும் ஆற்றலோடு பிறக்கின்றனர். நெருப்பு நாடு உலகை விழுங்கப் புறப்பட்டு நூறாண்டு ஆகிறது. காற்று நாட்டார் அனைவரும் கொன்றொழிக்கப்பட்டனர். பனிப்பாறைக்குள் நூறாண்டு உறைந்து கிடந்த ஆங் என்னும் பன்னிரண்டு வயதுச் சிறுவன் ஒருவனே எச்சம். நான்கையும் ஆளவல்லவன் அவன். தலைமுறை தோறும் மறுபடி பிறப்பவனாம்!

பெயரிலேயே அவதாரம், உள்ளே மறுபிறப்பு. கண்டிப்பதற்கென்றே நாம் இத்தொடரைப் பார்க்க அமர்ந்தோம் என்பதை மறைக்கவில்லை. அமர்ந்த சிறிது நேரத்தில் கண்ட காட்சி நம் எழுதுகோலைத் தடுத்து நிறுத்திற்று.

தென்துருவத்தில் அண்ணனும் தங்கையும் படகில் மீன்பிடிக்கச் செல்கின்றனர். படகு நொறுங்குகிறது. அண்ணன் சாக்கா, பெண்ணை உடன் அழைத்து வந்ததன் பயன் இது என்று ஏசுகிறான். தங்கை கட்டாரா கொதித்தெழுகிறாள். வீட்டு வேலை முழுதும் என் தலையில், ஏச்சும் எனக்கா என்று அவள் பொங்கப் பொங்க, அவள் அறியாமலே நீர் அவள் சினத்திற்குக் கட்டுப்படுகிறது, பின்னே நின்ற பனிமலை பிளக்கிறது, ஆங் வெளிப்படுகிறான். பார்த்தீர்களா, தோழர்களே! உலகை மீட்கும் கதைக்குக் கதவு திறந்தது வானத்து ஒலியும் அன்று, முனிவர் வரமும் அன்று. அடுப்படிக்கு ஆளாக்கப்பட்ட ஒரு பெண்ணின் ஆத்திரம்.

அந்தச் சாக்கா அப்படியே நின்றுவிட்டானா? இல்லை. நான்காம் பகுதியில் கியோஷி தீவின் பெண் போர்வீரர்கள் அவனை மண்ணில் உருட்டுகின்றனர். பெண்ணிடம் தோற்ற வெட்கம் அவனைத் தின்கிறது. பின்னர் அவர்கள் தலைவி சூக்கியின் முன் மண்டியிட்டு, கற்றுத்தா என்கிறான். எங்கள் உடையை அணிந்தால் கற்பிப்போம் என்கிறாள் அவள். அணிகிறான்; முகத்தில் அவர்களது பூச்சும் பூசிக்கொள்கிறான். முதலில் சிரிப்பு மூட்டும் அக்காட்சி, அவ்வுடையின் பொருளை அவன் உணர உணரப் பெருமிதக் காட்சியாகிறது. 2024-இல் நெட்ஃபிளிக்ஸ் இக்கதையை மனித நடிகரைக் கொண்டு மீண்டும் எடுத்தபோது, சாக்காவின் ஆணாதிக்கப் பேச்சைப் பெரிதும் குறைத்துவிட்டனர். குழந்தைகள் கெட்டுவிடுவர் என்ற கவலை போலும்! நோயை மறைத்துவிட்டு, குணமடைந்தான் என்று எப்படிக் காட்டுவது? விழுந்தவன் எழுந்த வரலாறு போய், விழாதவன் ஒருவன் நின்றுகொண்டிருக்கிறான். அவனை யார் நினைவில் வைப்பர்?

சாக்காவிற்குப் பூதமாளும் ஆற்றல் ஏதுமில்லை. அவனிடம் உள்ளவை ஒரு வளைதடியும் வாய்த்துடுக்கும் கேள்வி கேட்கும் மூளையும். முதற்பருவத்தில் ஒரு பகுதி. எரிமலை அடிவாரத்து ஊர். ஊரையே ஆட்டிப்படைக்கும் ஊ அத்தை என்னும் குறிகாரி. செம்மிதியடி அணிந்த நாளில் மனத்திற்கினியாளைச் சந்திப்பாய் என்று ஒருவனிடம் அவள் சொல்லியிருக்கிறாள். அன்று முதல் எத்தனை நாள் செம்மிதியடி அணிந்தாய் என்று சாக்கா கேட்கிறான். நாள்தோறும் என்கிறான் அந்தப் பேதை! முன்பெல்லாம் ஆண்டுக்கொருமுறை எவரேனும் மலையேறி எரிமலையின் நிலையைப் பார்த்து வருவராம். குறிகாரி வந்த பின் அவ்வழக்கம் நின்றது, அவள்தான் சொல்லிவிடுகிறாளே! குழம்பு பொங்குவதைக் கண்ணால் கண்டு வந்து சொன்னாலும் ஊர் நம்ப மறுக்கிறது. இறுதியில் மேகத்தின் வடிவை மாற்றிக் குறியையே மாற்றித்தான் மக்களை மண்வெட்டி எடுக்கவைக்க முடிகிறது. வெட்டிய அகழியும் ஆங்கின் ஆற்றலும் ஊரைக் காக்கின்றன. ஊரார் என்ன சொல்கின்றனர்? ஊர் அழியாது என்று அத்தை சொன்னாள், அழியவில்லை, பலித்தது! சாக்கா தலையில் அடித்துக்கொள்ளாத குறைதான். ஊர்தோறும் மேடையேறிய நம் தோழர் பலர் அந்த நொடியில் தம் முகத்தையே திரையில் கண்டிருப்பர்.

டாஃப் என்னும் சிறுமியைப் பற்றி நீட்டி எழுதத் தேவையில்லை. அவளைப் பார்த்த எவரும் மறவார். பிறவியிலேயே பார்வையற்றவள். செல்வப் பெற்றோர் ஊரறியாமல் பூட்டிவைத்த பெண். நிலத்தின் அதிர்வைக் காலால் அறிந்து மல்லர் களத்தில் மலை போன்றோரைச் சாய்க்கிறாள். எவரும் ஆள முடியாது என்று நம்பப்பட்ட உலோகத்தை, இரும்புக் கூண்டில் அடைபட்ட நிலையில் ஆளக் கற்கிறாள். இப்பாத்திரத்தை முதலில் பருத்த உடற்கட்டுடைய ஆணாக எண்ணியிருந்தனராம் படைப்பாளிகள், மாற்றியது நல்லதாயிற்று.

எனினும், தொடர் தன் துணிவைத் தானே குறைத்துக்கொண்ட இடமும் உண்டு. வடதுருவ ஆசான் பக்கு, பெண்களுக்குப் போர்க்கலை கற்பிப்பது வழக்கமன்று, மருத்துவம் மட்டுமே உரியது என்கிறார். கட்டாரா அவரை நேருக்குநேர் எதிர்க்கிறாள், தோற்கிறாள், ஆனால் பணியவில்லை. பின்னர் அவர் மனம் மாறுகிறார். எதனால்? அவள் கழுத்தணி, இளமையில் தாம் மணக்க விரும்பிய பெண்ணுக்குச் செய்து தந்தது என்று கண்டதால்! அப்பெண், அதாவது கட்டாராவின் பாட்டி, அந்த வழக்கத்திற்கு அஞ்சியே ஊரைவிட்டு ஓடினாள். நயமான திருப்பந்தான். ஆனால் அணி இல்லாத பெண்ணுக்கு அக்கலை கிடைத்திருக்குமா என்ற கேள்விக்கு விடையில்லை.

இனி, இத்தொடரின் உயிர்நாடியான ஸுக்கோ. நெருப்பு நாட்டு இளவரசன். புதிதாய்ச் சேர்ந்த படைவீரரைப் பலிகொடுக்கத் தளபதி வகுத்த திட்டத்தை எதிர்த்து, பதின்மூன்று வயதில் அவையில் வாய்திறந்தான். அதற்குத் தண்டனையாக, தந்தை ஒசாயே அவன் முகத்தில் நெருப்பை ஏவினான். இடக்கண்ணைச் சுற்றி ஆறாத வடுவோடு நாடு கடத்தப்பட்டவன், அந்தத் தந்தையின் அன்பை மீட்க ஆங்கைத் துரத்துகிறான். அநீதி செய்தவனிடமே நற்சான்று தேடி அலையும் அடிமை மனத்தை இதனினும் கூர்மையாய்க் காட்டிய சிறுவர் கதையை நாம் கண்டதில்லை.

அவன் எளிதில் திருந்தவில்லை. தன்னை வளர்த்த பெரியப்பா ஐரோவை, இரண்டாம் பருவ முடிவில் காட்டிக்கொடுக்கிறான். அந்த ஐரோவும் பிறவி ஞானி அல்லர்; பா சிங் சே நகரை 600 நாள் முற்றுகையிட்ட படைத்தலைவர், மகனைப் போரில் இழந்த பின்பே தேநீரும் கனிவுமாய் மாறியவர். மூன்றாம் பருவத்தில் ஸுக்கோ தந்தையின் முன் நின்று, நம் நாடே உயர்ந்தது, நம் போர் பிறர்க்கு நாம் வழங்கும் கொடை என்று எமக்குக் கற்பித்தது பொய் என்று முகத்தெதிரே சொல்கிறான். அப்பொய் எங்கே விளைந்தது என்பதையும் தொடர் காட்டுகிறது. மாறுவேடத்தில் நெருப்பு நாட்டுப் பள்ளியில் அமர்ந்த ஆங், காற்று நாட்டுப் 'படையை' மன்னர் வென்ற ஆண்டு எது என்ற வினாவிற்கு, அவர்களிடம் படையே இல்லையே என்கிறான். நூறாண்டுக்கு முன் நீ அங்கிருந்தாயோ என்று ஏளனம் செய்கிறாள் ஆசிரியை. இருந்தவனைப் பார்த்தே கேட்கிறாள்! பாடநூல் எழுதுவோர் அனைவரும் ஒருமுறை பார்க்கவேண்டிய பகுதி.

புகழ்ந்தது போதும். ஆற்றல் பிறப்பால் வருகிறது என்ற அடித்தளத்தை இத்தொடர் எங்கும் கேள்வி கேட்கவில்லை. 2012-இல் தொடங்கிய 'தி லெஜண்ட் ஆஃப் கோரா' என்னும் பின்தொடரில், ஆற்றலின்றிப் பிறந்தோர் சமத்துவம் கேட்டுத் திரள்கின்றனர். நாம் நிமிர்ந்து உட்கார்ந்தோம். தலைவன் அமோனே ஆற்றலுடையவன், ஏமாற்றுக்காரன் என்று காட்டி முடித்துவிட்டனர். தலைவன் போலி என்றால் கோரிக்கையும் போலியோ?

நிறத்திலும் ஒரு கொடுமை நேர்ந்தது. தொடரில் கட்டாராவும் சாக்காவும் மாநிறத்தோர். 2010-இல் புதுச்சேரிக்குரிய மாகியில் பிறந்த எம். நைட் ஷியாமளன் இதைத் திரைப்படமாக்கியபோது, அவ்விருவர்க்கும் வெள்ளையர் நடிகராயினர். படையெடுத்து வரும் நெருப்பு நாட்டு இளவரசனாக இந்திய வழியினரான தேவ் படேல்! அமெரிக்க இளைஞர் பலர் கண்டித்தனர், கண்டித்தது முறையே.

தொடரின் முடிவிலும் நமக்கு மனக்குறை உண்டு. ஒசாயைக் கொல்வதா கூடாதா என்று ஆங் படும் பாடு உண்மையானது. ஆனால் கடலிலிருந்து எழுந்த பேராமை ஒன்று புதியதோர் ஆற்றலை அவனுக்கு அருளிச் சிக்கலை அவிழ்க்கிறது. வரம் கொடுத்தால் எவன்தான் வெல்லமாட்டான்? அதே வேளையில் வானத்தில், பகைவரின் வான்கப்பலில், வரம் பெறாத சாக்கா கால் முறிந்து தொங்குகிறான். வளைதடியை எறிந்தாயிற்று, தானே வடித்த வாளும் போயிற்று. கீழே எரியும் காடு. அவன் கைப்பிடியில் டாஃப். சூக்கி மற்றொரு கப்பலோடு வந்து சேரும்வரை அவன் அந்தக் கையை விடவில்லை.