கையறுநிலை பாடாத துயரம்

கேமரன் மலைத் தேயிலைத் தோட்டத்து மூதாட்டி ஒருவர் தம் பாட்டனாரைச் 'சயாமுக்குப் போனவர்' என்றார். 'இறந்தவர்' என்று கூறினாரில்லை. அச்சொல்லில் ஒரு தலைமுறையின் துயரம் அடங்கியுள்ளது.

மாண்டவரை எண்ணிப் புலம்புதல் கையறுநிலை. பாரி மகளிர் பாடியது அத்துறையே. ஆனால் அவர்கள் தந்தையின் இறப்பை அறிவர். அதனையே அறியாதவர் எவ்வாறு புலம்புவர்?

1942-43இல் சயாம்-பர்மா ரயில்பாதைக்கு ஜப்பானியர் கொண்டுசென்ற மலாயாத் தோட்டத் தமிழருள் பல்லாயிரவர் மீளவில்லை. 415 கிலோமீட்டர்ப் பாதை முடிந்தது. லயங்களில் காத்திருந்தோர் துயரம் முடியவில்லை. உடலும் இல்லை, நாளும் தெரியாது. தாலியைக் களைவதா, காப்பதா? திதி கொடுப்பது எந்நாளில்?

ஆர். சண்முகத்தின் 'சயாம் மரண ரயில்' 1993இலும், அ. ரெங்கசாமியின் 'நினைவுச் சின்னம்' 2005இலும் வெளிவந்தன. இத்தாமதத்தைக் குறை எனல் பொருந்தாது. ஊமைத் துயரம் வாய் திறக்க அத்துணைக் காலம் வேண்டியிருந்தது. நடுகல் பெறாதவர்க்கு இந்நாவல்களே நடுகல்.

ஆயினும், பாதையின் கொடுமையோடு இலக்கியம் நின்றுவிடலாகாது. வாசலில் காத்திருந்தவள் கதையும் விரிவாக எழுதப்படல் வேண்டும். கேட்டுச் சொல்லும் முதியோர் குறைந்து வருகின்றனர். பேரப்பிள்ளைகள் இன்றே கேட்பாராக.