நகையும் நையாண்டியும்: ஒரு ரெனிஸ் படம் பற்றிய ஆய்வு

நகை பிறத்தற்குரிய நிலைக்களன்கள் எள்ளல், இளமை, பேதைமை, மடன் என நான்காமெனத் தொல்காப்பியர் மெய்ப்பாட்டியலில் வகுத்தார். இவை தன்னிடத்தும் பிறரிடத்தும் தோன்றி நகை விளைக்கும் என உரைகாரர் விரித்தனர். பிறரை நோக்கிச் சிரித்தல் எளிது. தன்னை நோக்கிச் சிரித்தல் அரிது. நகைச்சுவைப் படைப்பொன்றின் தரத்தை அறிதற்கு இப்பாகுபாடு இன்றும் தக்கதோர் அளவுகோலாகும். அமெரிக்காவிலே சிறுசெலவில் எடுக்கப்பெற்று 2009 ஆம் ஆண்டு வெளிவந்த ‘போல்ஸ் அவுட்: கேரி த ரெனிஸ் கோச்’ என்னும் படத்தை இவ்வளவுகோல் கொண்டு நோக்கின், அதன் குணமும் குற்றமும் ஒருங்கே புலனாகும்.

படத்தை இயக்கியவர் டனி லைனர். தலைமைப் பாத்திரத்தை ஏற்றவர் சோன் வில்லியம் ஸ்கொட். ‘டூட், வெயர்ஸ் மை கார்?’ (2000) என்னும் படத்தில் முன்னரே இணைந்தவர் இவ்விருவரும். திரையரங்குகளை நாடாது நேரே இறுவட்டாக வெளிவந்தமையின் இப்படம் பலராலும் அறியப்படவில்லை.

கதை நெப்ராஸ்கா மாநிலத்து உயர்நிலைப் பாடசாலை ஒன்றில் நிகழ்வது. ஒருகாலத்தில் ரெனிஸ் வீரனாகப் புகழ்பெறக் கனவு கண்ட கேரி ஹவுஸ்மன், இப்பொழுது அப்பாடசாலையின் துப்புரவுத் தொழிலாளி. ரண்டி குவெயிட் நடிக்கும் முதிய பயிற்சியாளர் அவனைத் தமக்கு உதவியாளனாக ஆடுகளத்துக்கு அழைத்துக்கொள்கிறார். அவர் திடீரென இறந்துபடவே, திறமையும் ஊக்கமும் குன்றிய மாணவரணி கேரியின் கைக்கு வருகிறது. மாநிலப் போட்டியை நோக்கி அவ்வணியை அவன் நடத்திச் செல்லுதலே எஞ்சிய கதை.

இக்கதையின் கருவில் பொருள் உண்டு. துடைப்பம் ஏந்திய கையிலே மட்டை பிடிக்கும் ஆற்றலும் உளது என்பதைக் கண்டுகொள்ளும் முதிய ஆசிரியரின் பார்வை சிறந்த கல்விப் பார்வையாகும். தொழிலை வைத்து மனிதனை அளக்கும் உலகத்துக்கு அஃது ஒரு மறுமொழி. மேலும், ரெனிஸ் ஒழுங்குமுறைகள் மிக்க ஆட்டம். பார்வையாளர் பந்து வீழும் வரை வாய்திறவாதிருப்பர். ஒன்றுமற்ற எண்ணிக்கையையும் ‘லவ்’ என அன்பின் பெயரால் வழங்குவர். இத்தகைய அமைதிக்குள்ளே அடங்காத நாவினன் ஒருவன் புகுவானாயின், நகைச்சுவை தானே பிறக்கும். தனித்து நின்று ஆடும் ஒவ்வொருவனது வெற்றியையும் கூட்டி அணியின் வெற்றியாகக் கணக்கிடும் பாடசாலைப் போட்டியின் முறையோ, தனிமைக்கும் கூட்டுறவுக்கும் இடையிலான போராட்டத்தைக் கதைக்கு வலிய அளிக்கின்றது.

எனினும், கைக்கெட்டிய பொருளைப் படம் பெரிதும் நழுவவிட்டுவிட்டது. தலைப்பே இதற்குச் சான்று. அது சிலேடை: எல்லைக்கோட்டிற்கு வெளியே வீழ்ந்த பந்தையும் குறிக்கும், முழுமூச்சாய் முனைதலைச் சுட்டும் கொச்சை வழக்கையும் குறிக்கும். நடுவர் இல்லாத பாடசாலைப் போட்டிகளில், பந்து உள்ளே வீழ்ந்ததா வெளியே வீழ்ந்ததா என்பதை ஆடுவோரே கூறுதல் அந்நாட்டு வழக்கம். ஐயம் நேரின் அதனை எதிராளிக்குச் சார்பாகவே தீர்த்தல் முறை. வெற்றிவேட்கையும் வாய்மையும் மோதும் இடம் இதுவே. நகைச்சுவைக்கும் அறத்துக்கும் ஒருங்கே விளைநிலமான இச்சொல்லைப் பெயரிலே கொண்ட படம், அதன் இழிந்த பொருளையே பற்றிக்கொண்டது. கொச்சைமொழியும் உடலைப் பற்றிய கேலியும் மிகுந்தமையால், பதினேழு வயதிற்குட்பட்டோர் பெரியோர் துணையின்றிப் பார்க்கலாகாதெனத் தரப்படுத்தப்பட்டது. மாணவரைப் பற்றிய படம் மாணவரிற் பலருக்குத் தடைப்பட்டதாயிற்று.

கொச்சைமொழி ஒன்றே குற்றம் என்று கூறுதலும் பொருந்தாது. 1976 ஆம் ஆண்டு மைக்கேல் ரிச்சி இயக்கிய ‘த பாட் நியூஸ் பெயர்ஸ்’ படத்திலும் சிறுவர் வாயில் வசைமொழி குறைவில்லை. அதன் பயிற்சியாளனும் விளையாட்டுலகில் உயராதவன், நீச்சற்குளம் துப்புரவு செய்பவன், குடிப்பழக்கம் உடையவன். ஆயின், எதிரணிப் பயிற்சியாளன் தன் மகனைக் கன்னத்தில் அறையும்போது, அச்செயலிலே இவன் தன் வெற்றிவெறியையும் காண்கிறான். பின்னர் ஆடாது அமர்த்தப்பட்டிருந்த சிறுவரையும் களத்துக்கு அனுப்புகிறான். அணி தோற்கிறது, அவன் மனிதனாகிறான். வோல்ற்றர் மத்தாவின் நடிப்பில், பிறர்மேற் சென்ற எள்ளல் தன்மேல் திரும்பும் அந்த ஒரு கணமே முப்பது ஆண்டுகளுக்குப் பின் வந்த படத்திலும் அதனை உயர்த்தி நிறுத்துகிறது.

கேரியின் கதையில் அத்தகைய திருப்பம் வலிமை பெறவில்லை. ‘அமெரிக்கன் பை’ (1999) படத்திலே ஸ்கொட் புகழ்பெற்ற ஆரவாரப் பாத்திரத்தின் நிழலே இங்கும் நீள்கிறது. துப்புரவுத் தொழிலாளியின் ஏமாற்றத்தை உணர்த்த வேண்டிய இடங்களில் அவனது கூச்சல் முந்திக்கொள்கிறது. அவனோடு சேர்ந்து சிரிப்பதா, அவனைப் பார்த்துச் சிரிப்பதா எனப் பார்ப்போர் தடுமாறுகின்றனர்.

செலவின் சுருக்கம் கலைக்குப் பகையன்று. சிந்தனையின் சுருக்கமே பகை. நல்ல கருவும் ஏற்ற களமும் வாய்த்தும், தன்னையே நகைத்துக்கொள்ளும் துணிவு வாய்க்காமையால், இப்படம் கோட்டுக்கு ஒரு விரற்கடை வெளியே வீழ்ந்த பந்தாயிற்று.