நேர்த்திக்கடனும் குறும்படமும்

ஆர்.கே.பேட்டை அடங்கிய திருவள்ளூர் மாவட்டத்திலும் அதை ஒட்டிய ஆந்திர எல்லைப்புறத்திலும், நோயுற்ற பெண்குழந்தையை மாத்தம்மா என்னும் பெண்தெய்வத்துக்கு நேர்ந்துவிட்டு அத்தெய்வத்தின் பெயரால் தாலி கட்டும் வழக்கம் அருந்ததியர் சமூகத்தினரிடையே இருந்துவந்தது. அவ்வாறு நேர்ந்துவிடப்பட்டவளால் பின்னர் மணம் செய்துகொள்ள இயலவில்லை. இவ்வழக்கத்தைப் பற்றி இயக்குநர் லீனா மணிமேகலை அரக்கோணம் வட்டாரத்தில் எடுத்த ‘மாத்தம்மா’, மெய்வாழ்வையும் புனைவையும் கலக்கும் ஆவணப்புனைவு என்னும் வகையைச் சேர்ந்த குறும்படமாகும். நேர்ந்துவிட்ட பெற்றோரை மட்டும் குற்றவாளிகளாக்குவது எளிது. ஆனால் மருத்துவம் எட்டாத வறுமையில் அச்செயல் பெரும்பாலும் அன்பின் வடிவமே என்பதால், பொறுப்பு ஊருக்கும் அரசுக்கும் நீள்கிறது. இத்தகைய சிக்கலுக்கு நேர்கோட்டுக் கதையைவிடக் கலப்பு வடிவமே பொருந்தும். எடுத்துக்காட்டாக, இயக்குநர் அலென் ரெனே 1955இல் எடுத்த, 32 நிமிடமே ஓடும் ‘இரவும் மூடுபனியும்’ என்னும் ஆவணப்படம் நாஜி வதைமுகாம்களின் பிற்கால அமைதியை வண்ணத்திலும் பழைய ஆவணங்களைக் கருப்புவெள்ளையிலும் மாற்றி மாற்றிக் கோத்து, அதிகாரிகள் ஒவ்வொருவராகப் பொறுப்பை மறுத்தபின், அப்படியானால் யார் பொறுப்பு என்னும் கேள்வியைப் பார்வையாளரிடமே திருப்புகிறது.