ஸம்ஸம் தண்ணீரும் தங்கக் கையுறையும்

‘எர்துக்ருல்’ தொடர் வந்த பிறகு துருக்கித் திரை நம் வீடுகளுக்குப் பழகிவிட்டது. அதற்குப் பல பதிற்றாண்டுகள் முன்னர் இஸ்தான்பூலில் எடுத்த மலிவுப் படங்களைப் பற்றி யாரும் பேசுவதில்லை. பேசினாலும் சிரிப்பதற்குத்தான். யெஷில்சாம் என்பது அங்குள்ள ஒரு தெரு. படக் கம்பனிகள் அங்கே இருந்ததால் அந்தச் சினிமாவுக்கே அந்தப் பெயர் வந்தது. 1970களின் ஆரம்பத்தில் ஆண்டுக்கு 200க்கும் மேற்பட்ட படங்கள் வெளிவந்தன. கையில் காசில்லை; ஹொலிவூட் படத்தைப் பார்த்து எடுக்கத் தடையுமில்லை.

மெத்தின் எர்க்சனின் ‘ஷெய்தான்’ (1974) ‘எக்ஸோர்ஸிஸ்ட்’ படத்தைக் காட்சிக்குக் காட்சி பின்தொடர்கிறது. எர்க்சன் சாதாரண ஆளில்லை. 1964இல் பெர்லின் விழாவில் தங்கக் கரடி விருது வாங்கியவர். சிலுவையின் இடத்தில் ஷைத்தான் தலை பொறித்த காகிதக் கத்தியை வைத்தார். புனித நீருக்குப் பதில் ஸம்ஸம். முதலில் எனக்குச் சந்தோஷமாகத்தான் இருந்தது. யோசித்தால் உறுத்துகிறது. மூலப் படத்தின் உயிர் ஒரு பாதிரியாரின் ஈமான் தடுமாற்றம். இங்கே அவரிடத்தில் ஓர் எழுத்தாளர் நிற்கிறார். ஜின், ஷைத்தான் தீங்குக்கு நம்மிடம் ஓதிப் பார்க்கும் வழக்கம் உண்டு. அதன் அச்சமும் அமைதியும் வேறு. படத்தில் இருப்பதோ கத்தோலிக்கச் சடங்கின் கூடு; சாமான்கள் மட்டும் நம்முடையவை.

இனி, ‘உலகைக் காப்பாற்றிய மனிதன்’ (1982). இயக்கியவர் செத்தின் இனான்ச். விண்வெளிக் காட்சிகள் ‘ஸ்டார் வோர்ஸ்’ படத்தில் வெட்டியவை, இசை ‘இந்தியானா ஜோன்ஸ்’ படத்துடையது. திருட்டுத்தான், மறுக்கவில்லை. ஆனால் ஜுனைத் அர்கின் இருக்கிறாரே! வைத்தியம் படித்தவர், 2022இல் காலமானார். கப்படோக்கியாவில் காலில் பாறையைக் கட்டிக்கொண்டு குதிக்கிறார், கல்லைக் கையால் குத்துகிறார், தங்க வாளை உருக்கிக் கையுறை செய்து மாட்டுகிறார். கடைசியில் வில்லனைக் கையால் நெடுக்காகப் பிளக்கிறார். முதல் தடவை நானும் விழுந்து விழுந்து சிரித்தேன்.

இதே அர்கின்தான் 1971இல் பத்தால் காஸியாக நடித்தவர். தனியொருவன் ஒரு சேனையையே முறியடிக்கும் பழைய அனத்தோலிய வீரக்கதை அது. விண்வெளி உடுப்புக்குள்ளும் அந்தக் காஸிதான் நிற்கிறார். நம் படைப்போர் இலக்கியத்தைக் கேட்டு வளர்ந்தவர்களுக்கு அந்த அடி அந்நியமாகப் படாது. ‘ஷெய்தான்’ எங்கும் மார்க்கத்தின் சாமான்கள் நிறைந்திருந்தும் எனக்குக் கிடைக்காதது, இந்தக் கோமாளிப் படத்தில் கிடைத்தது. நடுவில் வரும் பிரசங்கம்தான் நீளம், அதை வெட்டியிருக்கலாம்.